'ஒருங்குறி ஆதரவு: உண்டு' – நூலக மென்பொருள் தேர்வில் தமிழ்த் தரவின் இடம்: ஒரு திறனாய்வு

ஆய்வுச் சுருக்கம்

நூலக மேலாண்மை மென்பொருளைத் தேர்ந்தெடுக்கும்போது விலை, வசதிகளின் எண்ணிக்கை, நிறுவும் எளிமை ஆகியவையே பெரிதும் அளவுகோல்களாகக் கொள்ளப்படுகின்றன. தமிழ் நூல்களைப் பொறுத்தவரை, 'ஒருங்குறி ஆதரவு: உண்டு' என்னும் ஒற்றை வரியோடு மதிப்பீடு நின்றுவிடுகிறது. அவ்வொரு வரி எவற்றை மறைக்கிறது என்பதை இக்கட்டுரை ஆராய்கிறது. எழுத்துக் குறியீடு, அகரவரிசை, உரோமனாக்கம், ஆசிரியர் பெயர், சொற்புணர்ச்சி ஆகிய ஐந்து நிலைகளில் தமிழ்ப் பதிவுகள் சந்திக்கும் இடர்களை எடுத்துக்காட்டுகளுடன் விளக்கி, தேர்வுக்கு முன் நடத்தத்தக்க எளிய சோதனைகளை முன்வைக்கிறது. மென்பொருள் மாறக்கூடியது, நூற்பட்டியல் தரவு தொடர வேண்டியது. எனவே தேர்வும் அதன்பின் வரும் மேலாண்மையும் தரவிலிருந்தே தொடங்க வேண்டும் என்பது இக்கட்டுரையின் முடிபு.

திறவுச்சொற்கள்: நூலக மேலாண்மை மென்பொருள், ஒருங்குறி, தமிழ் நூற்பட்டியல், உரோமனாக்கம், தரவுப் பெயர்வு, கோஹா.

முன்னுரை

1924ஆம் ஆண்டு சென்னைப் பல்கலைக்கழகத்தின் முதல் நூலகராகப் பொறுப்பேற்ற சீர்காழி இரா. ரங்கநாதன், 1931இல் நூலக அறிவியலின் ஐந்து விதிகளை வெளியிட்டார். அவற்றுள் நான்காவது வாசகரின் நேரத்தைக் குறித்தது; ஐந்தாவது நூலகத்தின் வளர்ச்சியைக் குறித்தது. அட்டைப் பட்டியல் இருந்த காலத்தில் இவ்விரு விதிகளையும் காப்பது பெரிதும் நூலகரின் கையில் இருந்தது. இன்று அப்பொறுப்பில் பெரும்பகுதி மென்பொருளுக்குக் கைமாறியுள்ளது. வாசகர் தேடுபெட்டியில் ஒரு சொல்லை இடுகிறார். பதிவு வந்தால் நூல் உண்டு, வராவிட்டால் இல்லை. அடுக்கில் இருந்தும் தேடலில் அகப்படாத நூல், அந்த வாசகரைப் பொறுத்தவரை வாங்கப்படாத நூலே ஆகும்.

தமிழகத்தில் இது பொதுப்பணத்தோடும் தொடர்புடையது. 1948ஆம் ஆண்டின் சென்னைப் பொது நூலகச் சட்டம் முதல், சொத்து வரியோடு சேர்த்துத் திரட்டப்படும் நூலக வரி பொது நூலகங்களைத் தாங்கி வருகிறது. 2010இல் சென்னை கோட்டூர்புரத்தில் அண்ணா நூற்றாண்டு நூலகமும், 2023இல் மதுரையில் கலைஞர் நூற்றாண்டு நூலகமும் திறக்கப்பட்டன. கட்டடமும் நூல் தொகையும் பெருகும் அளவுக்கு, அந்நூல்களைக் கண்டடையும் வழியும் செம்மைப்பட வேண்டும். அவ்வழியைத் தீர்மானிக்கும் மென்பொருள் தேர்வு எவ்வாறு நிகழ்கிறது, அதில் தமிழுக்கு எவ்விடம் தரப்படுகிறது என்பதே இக்கட்டுரையின் வினா.

1. ஒப்பீட்டு அட்டவணையும் அதன் எல்லையும்

இந்திய நூலகங்களில் கணினிமயம் படிப்படியாக வந்தது. யுனெஸ்கோ 1985இல் நுண்கணினிகளுக்காக வெளியிட்ட சி.டி.எஸ்./ஐசிஸ் மென்பொருள் பல நூலகங்களுக்கு முதல் பயிற்சிக்களமாயிற்று. காந்திநகரிலுள்ள இன்ஃபிளிப்நெட் மையம் பல்கலைக்கழக நூலகங்களுக்காக 'சோல்' மென்பொருளை உருவாக்கியது. தேசிய தகவலியல் மையம் 'இ-கிரந்தாலயா'வை வழங்கியது. ஐதராபாத்தில் உருவான 'நியூஜென்லிப்' 2008இல் திறமூல மென்பொருளாக வெளியிடப்பட்டது. நியூசிலாந்தின் ஹோரோஃபெனுவா நூலக அறக்கட்டளைக்காக 1999இல் எழுதப்பட்டு, 2000ஆம் ஆண்டின் தொடக்கத்தில் பயன்பாட்டுக்கு வந்த 'கோஹா' இன்று உலகெங்கும் பரவியுள்ளது. மாவோரி மொழியில் இச்சொல் கொடையைக் குறிக்கும்.

இவற்றுள் எதைத் தேர்வது என்னும் வினாவுக்கு நூலகவியல் எழுத்துகள் பெரும்பாலும் அட்டவணை வடிவில் விடை தருகின்றன. இடப்பக்கம் வசதிகளின் பெயர்கள். மேல்வரிசையில் மென்பொருள்களின் பெயர்கள். கட்டங்களில் 'உண்டு', 'இல்லை'. நூல் வாங்கல், பட்டியலாக்கம், இரவல் வழங்கல், பருவ இதழ்க் கட்டுப்பாடு, பார்கோடு, ஆர்.எஃப்.ஐ.டி. என வரிசை நீள்கிறது. அதன் நடுவே எங்கோ ஓரிடத்தில் 'ஒருங்குறி ஆதரவு' என்னும் வரி வரும். அதன் கீழ் எல்லாக் கட்டங்களிலும் 'உண்டு' என்றே இருக்கும். ஒப்பந்தப்புள்ளி ஆவணங்களும் இதே சொல்லாட்சியைப் பின்பற்றுகின்றன.

இம்முறையின் குறை, வசதி இருத்தலையும் அது பயன்தருதலையும் ஒன்றெனக் கொள்வதே. இரவல் வழங்கலில் இவ்விரண்டுக்கும் இடையே பெரிய இடைவெளி இல்லை. நூல் பதிவாகிறது அல்லது ஆகவில்லை. தேடலில் இடைவெளி மிகப் பெரிது. தமிழ் எழுத்தைத் திரையில் காட்டுதல், அதைச் சேமித்தல், வரிசைப்படுத்துதல், அதன் வேறு வடிவங்களையும் கண்டுபிடித்தல் என்பன நான்கு வேறு திறன்கள். முதலிரண்டு இருந்தாலே அட்டவணையில் 'உண்டு' என்று எழுதிவிடலாம். வாசகருக்குத் தேவைப்படுபவையோ பின்னிரண்டும் ஆகும். எல்லா மென்பொருளுக்கும் ஒரே விடை தரும் அளவுகோல் எதையும் அளப்பதில்லை. அது தேர்வாளருக்கு மனநிறைவை மட்டும் அளிக்கிறது.

2. குறியீட்டு ஒருமை: 'உண்டு' என்பதன் உள்ளே

தமிழ்க் கணினிக் குறியீடுகளின் வரலாறு நூலகர் அறிந்திருக்க வேண்டிய ஒன்று. ஒருங்குறி 1991இல் வெளிவந்த முதற்பதிப்பிலேயே தமிழுக்கு இடம் தந்தது. ஆயினும் நடைமுறையில் எழுத்துருவைச் சார்ந்த குறியீடுகளே நெடுங்காலம் ஆண்டன. பாமினி போன்ற எழுத்துருக்களில் உரோமன் எழுத்துகளின் இடத்தில் தமிழ் வடிவங்கள் அமர்த்தப்பட்டிருந்தன. எழுத்துருவை நீக்கினால் பதிவு பொருளற்ற உரோமன் எழுத்துக் கோவையாகிவிடும். 1999இல் சென்னையில் நடந்த தமிழ்நெட் 99 மாநாட்டையொட்டித் தமிழக அரசு டாம், டாப் குறியீடுகளைத் தரப்படுத்தியது. இணையத் தமிழர்களிடையே திஸ்கி வழங்கியது. 2010இல் தமிழக அரசு ஒருங்குறியையும் டேஸ்-16 என்னும் அனைத்து எழுத்துக் குறியீட்டையும் தரமாக அறிவித்தது. இக்காலங்களில் தட்டச்சிடப்பட்ட நூற்பட்டியல்கள் ஒவ்வொன்றும் அந்தந்தக் காலத்தின் குறியீட்டைச் சுமந்திருக்கும்.

இன்று எல்லாம் ஒருங்குறிக்கு வந்துவிட்டன எனக் கொண்டாலும் சிக்கல் தீர்வதில்லை. 'கொ' என்னும் எழுத்தின் உயிர்க்குறியை ஒரே குறியெண்ணாகவும் எழுதலாம்; கொம்பும் காலும் ஆகிய இரு குறியெண்களாகவும் எழுதலாம். திரையில் இரண்டும் ஒன்றே. ஒருங்குறி விதிப்படியும் இரண்டும் சமமானவை. ஆனால் அச்சமன்பாட்டைச் செயற்படுத்த, பதிவேற்றும்போதும் தேடும்போதும் மென்பொருள் அவற்றை ஒரே வடிவத்திற்கு மாற்ற வேண்டும். மாற்றாவிட்டால், கொடுமுடி பற்றிய நூல் ஒருவருக்குக் கிட்டும், மற்றவருக்குக் கிட்டாது. இருவரும் ஒரே சொல்லையே தேடியிருப்பார்கள்.

இதற்கும் மேற்பட்ட நிலை ஒன்றுண்டு. ஒருங்குறி சமமெனக் கருதாத, ஆனால் தமிழர் ஒன்றெனவே படிக்கும் வடிவங்கள் அவை. 'ஸ்ரீ' என்னும் கூட்டெழுத்தை ஸகரத்தைக் கொண்டும், 2005இல் ஒருங்குறியில் சேர்க்கப்பட்ட ஶகரத்தைக் கொண்டும் எழுதலாம். பல எழுத்துருக்களில் இரண்டும் ஒரே தோற்றம் தரும். கணினிக்கு அவை வேறு சொற்கள். ஸ்ரீரங்கம், ஸ்ரீவைகுண்டம் எனத் தொடங்கும் தலபுராணங்களும் வைணவ உரைகளும் இதனால் இருகூறாகப் பிரியும். 'ஔவையார்' என்னும் பெயர் இதற்கு இன்னும் தெளிவான சான்று. ஔகாரத்தை முறைப்படி எழுதுவோர் உண்டு. ஒகரத்தையும் ளகரத்தையும் அடுத்தடுத்துத் தட்டி 'ஒளவையார்' என எழுதுவோர் உண்டு. 'அவ்வையார்' என எழுதும் வழக்கும் உண்டு. முதலிரண்டையும் கண்ணால் வேறுபடுத்துவதே அரிது. மூன்றையும் ஒருவராக அறிவது எந்தக் குறியீட்டுத் தரத்தாலும் ஆகாது. அது பட்டியலாளரின் பணி. அப்பணிக்கு இடம் தருகிறதா என்பதே மென்பொருளிடம் கேட்க வேண்டிய கேள்வி.

3. அகரவரிசை

வரிசைமுறை சிறு செய்தி போலத் தோன்றும். ஆனால் தேடும் சொல்லை முன்கூட்டி அறியாத வாசகர், பட்டியலைப் புரட்டியே நூலைக் காண்கிறார். ஒருங்குறியில் தமிழ் எழுத்துகள் பிற இந்திய மொழிகளின் அட்டவணையை ஒட்டி அடுக்கப்பட்டுள்ளன. அதனால் னகரம் நகரத்தை அடுத்தும், றகரம் ரகரத்தை அடுத்தும், ளகரமும் ழகரமும் வகரத்திற்கு முன்னும் நிற்கின்றன. தமிழ் நெடுங்கணக்கு வரிசையில் ஆறு சொற்களை அடுக்கினால் மணி, மதி, மலர், மழை, மறை, மனம் என அமையும். குறியெண் வரிசையில் அவை மணி, மதி, மனம், மறை, மலர், மழை என மாறிவிடும்.

புள்ளியும் இவ்வாறே. தமிழ்ப் பேரகராதி மரபில் புள்ளி பெற்ற மெய், உயிர்மெய்க்கு முன் வரும். ஆகவே 'அக்கினி' முன்னும் 'அகம்' பின்னும் நிற்கும். குறியெண் வரிசையில் இது தலைகீழாகும். கிரந்த எழுத்துகளை இறுதியில் வைப்பது அம்மரபு. குறியெண் வரிசையோ ஜகரத்தைச் சகரத்துக்கும் ஞகரத்துக்கும் இடையே வைக்கும். ஜெயகாந்தனின் நூல்களைப் பட்டியலின் முடிவில் தேடும் வாசகர் அவற்றை இடையில் காணார்.

இதற்குத் தீர்வு இல்லாமல் இல்லை. ஒருங்குறிக் கூட்டமைப்பின் மொழித்தரவுத் தொகுப்பில் தமிழுக்கான வரிசை விதிகள் உள்ளன. கோஹாவின் தேடுபொறியான ஜீப்ராவை நிறுவும்போது, உரோமன் எழுத்தை மனத்திற்கொண்ட பழைய சொற்பகுப்பு முறையையும் தேர்ந்தெடுக்கலாம், ஐ.சி.யு. என்னும் ஒருங்குறிக் கூறுகளின் தொகுப்பைச் சார்ந்த முறையையும் தேர்ந்தெடுக்கலாம். ஒரே மென்பொருள் ஒரு நூலகத்தில் தமிழை ஒழுங்காகத் தேடுவதும் இன்னொன்றில் தடுமாறுவதும் இதனால் இயல்வதே. அதாவது, 'எந்த மென்பொருள்' என்னும் வினாவை விட 'யார், எவ்வாறு நிறுவினார்' என்னும் வினா சில இடங்களில் முதன்மை பெறுகிறது. ஒப்பீட்டு அட்டவணையில் இதற்குக் கட்டமே இல்லை.

4. உரோமனாக்கமும் தமிழ் எழுத்தும்

தமிழ் நூலைத் தமிழிலேயே பட்டியலிடுவதா, உரோமன் எழுத்தில் பெயர்த்து எழுதுவதா என்பது மென்பொருளுக்கு முந்தைய முடிவு. உரோமனாக்கத்திற்கு வரலாற்றுக் காரணம் உண்டு. 1960களில் அமெரிக்கக் காங்கிரசு நூலகத்தில் உருவான மார்க் பதிவு வடிவத்துக்கான பழைய எழுத்துத் தொகுதியில் அரபு, எபிரேயம், சீனம் போன்றவற்றுக்கு இடம் கிடைத்தது, தமிழுக்குக் கிடைக்கவில்லை. ஆகவே அமெரிக்க நூலகங்களில் சேர்ந்த தமிழ் நூல்கள் பெரிதும் உரோமன் வடிவிலேயே பட்டியலிடப்பட்டன. உலகெங்கும் பதிவுகளைப் பகிர இது வழிவகுத்தது என்பதை மறுப்பதற்கில்லை.

ஆனால் அறிஞர் முறைப்படியான உரோமனாக்கம் தமிழ் எழுத்தைப் பின்பற்றுகிறது, ஒலியைப் பின்பற்றுவதில்லை. அம்முறையில் 'பாரதி' ஆங்கில நெடுங்கணக்கின் பதினாறாம் எழுத்தில் தொடங்கும். ஆங்கில நாளேடுகளில் அப்பெயரைப் படித்துப் பழகியவர் இரண்டாம் எழுத்தில் தேடுவார். 'காந்தி' பதினொன்றாம் எழுத்தில் இருக்கும். தேடுபவர் ஏழாம் எழுத்தில் இருப்பார். 'சிலப்பதிகாரம்' மூன்றாம் எழுத்தில் தொடங்குகிறது. வாசகரின் கை பத்தொன்பதாம் எழுத்தை நோக்கிச் செல்கிறது. பட்டியலாளர் எவ்வளவு நுட்பமாக எழுதுகிறாரோ அவ்வளவு தூரம் பொதுவாசகரிடமிருந்து விலகிப்போகும் முரண் இங்கே நேர்கிறது. தமிழகத்து நூலகங்களிலோ எம்முறைக்கும் உட்படாத, தட்டச்சாளரின் செவிப்புலனைச் சார்ந்த உரோமன் வடிவங்களும் கலக்கின்றன. அப்போது அறிஞருக்கும் உதவாத, பொதுவாசகருக்கும் உதவாத மூன்றாவது எழுத்துமுறை ஒன்று உருவாகிவிடுகிறது.

மார்க் 21 இதற்கு இரு வழிகளைத் தருகிறது. ஒன்று, உரோமன் வடிவை முதன்மைப் புலத்திலும் மூல எழுத்தை 880ஆம் புலத்திலும் வைத்து இரண்டையும் இணைத்தல். மற்றது, முதன்மைப் புலத்திலேயே மூல எழுத்தை எழுதுதல். தமிழ் வாசகரை முதன்மையாகக் கொண்ட நூலகத்துக்கு இரண்டாவது பொருந்தும். பன்னாட்டுப் பகிர்வில் ஈடுபடும் ஆய்வு நூலகத்துக்கு முதலாவது பொருந்தும். எதுவாயினும், அது தெரிந்து எடுத்த முடிவாக இருக்க வேண்டும். பல இடங்களில் இம்முடிவு, பதிவேற்றும் ஒப்பந்தத்தைப் பெற்ற நிறுவனத்தின் தட்டச்சாளருக்கு எந்த விசைப்பலகை பழக்கமோ அதைப் பொறுத்தே அமைந்துவிடுகிறது. 880ஆம் புலத்தை ஏற்கும் மென்பொருள் அதைத் தேடுகிறதா, அல்லது காட்சிக்கு மட்டும் வைத்திருக்கிறதா என்பதும் அட்டவணையில் காணாத செய்தியே.

5. பெயரும் புணர்ச்சியும்

மேலைநாட்டுப் பட்டியல் விதிகள் குடும்பப்பெயரை முன்வைத்து எழுந்தவை. தமிழ்ப் பெயரில் குடும்பப்பெயர் பெரும்பாலும் இல்லை, தலைப்பெழுத்து உண்டு. உ. வே. சாமிநாதையரை 'சாமிநாதையர், உ. வே.' எனத் திருப்பி எழுதலாம். ஆனால் 'மு.வ.' என்றே அறியப்பட்டவரை வாசகர் 'வரதராசன்' எனத் தேடுவாரா, 'வரதராசனார்' எனத் தேடுவாரா, புள்ளியும் இடைவெளியும் இட்டு இரண்டு எழுத்துகளை மட்டும் தேடுவாரா? மூன்றும் நிகழும். ராமசாமி, இராமசாமி; சுப்பிரமணியம், சுப்ரமணியம்; ஜானகிராமன், சானகிராமன் என எழுத்துவழக்கும் பிரிகிறது.

புனைபெயரும் பெயர்மாற்றமும் இதனினும் ஆழமான சிக்கலைத் தருகின்றன. சொ. விருத்தாசலமே புதுமைப்பித்தன் என்பதையும், சுந்தர ராமசாமியே பசுவய்யா என்பதையும் எழுத்தொப்புமையால் கண்டுபிடிக்க இயலாது. வேதாசலம் மறைமலையடிகளானதும், சூரியநாராயண சாஸ்திரி பரிதிமாற் கலைஞரானதும் தமிழ்ப் பண்பாட்டு வரலாற்றின் பகுதி. இவ்வறிவைப் பட்டியலில் பொதிந்து வைக்க ஒரே வழி, ஒருவரின் எல்லாப் பெயர் வடிவங்களையும் தொகுத்து, அவற்றுள் ஒன்றைத் தலைப்பாக்கி, பிறவற்றை அதனோடு இணைக்கும் பெயர்த் தரப்படுத்தல் பதிவுகளாகும். கோஹா உள்ளிட்ட மென்பொருள்களில் இதற்கான பகுதி இருக்கிறது. தமிழில் குறை, எல்லா நூலகங்களும் எடுத்துப் பயன்படுத்தத்தக்க பொதுவான தமிழ்ப் பெயர்க் கோப்பு வேரூன்றாமையே. ஒவ்வொரு நூலகமும் புதுமைப்பித்தனைத் தானே புதிதாகக் கண்டுபிடிக்க வேண்டியிருக்கிறது.

புணர்ச்சியும் தேடலைப் பாதிக்கிறது. 'தமிழ்ச் சிறுகதை', 'தமிழ்ச்சிறுகதை', 'தமிழ் சிறுகதை' ஆகிய மூன்றும் நூல் தலைப்புகளில் வருகின்றன. இடைவெளியைக் கொண்டு சொல்லைப் பிரிக்கும் தேடுபொறிக்கு முதலாவதில் 'தமிழ்ச்' என்பது ஒரு சொல். அது 'தமிழ்' என்பதோடு பொருந்தாது. இரண்டாவதில் 'சிறுகதை' என்னும் சொல் தனித்து இல்லவே இல்லை. தலைப்புப் பக்கத்தில் உள்ளவாறே தலைப்பை எழுத வேண்டும் என்பது பட்டியல் விதி. அதை மீறக் கூடாது. ஆனால் பிரித்தெழுதிய வடிவத்தை மாற்றுத் தலைப்பாகச் சேர்க்க மார்க் வடிவம் இடம் தருகிறது. சிறிது கூடுதல் உழைப்பில் கிடைக்கும் பயன் பெரிது. வல்லின மெய் மிகுதலை அறிந்து தேடும் வகையில் தேடுபொறியையே அமைத்துக் கொள்வது அடுத்த படி.

6. தேர்வுக்குப் பின்: மேலாண்மை என்னும் நீண்ட காலம்

மென்பொருள் தேர்வு சில மாதங்களில் முடியும். அதைப் பேணுவது பல ஆண்டுப் பணி. கோஹா ஆண்டுக்கு இருமுறை புதிய பதிப்பை வெளியிடுகிறது. உரிமக் கட்டணம் இல்லாத மென்பொருளுக்கும் மேம்படுத்தல், காப்புநகல், பாதுகாப்பு ஆகியவற்றுக்கு ஆளும் பொருளும் வேண்டும். நிறுவும் செலவுக்கு ஒதுக்கீடு செய்து, பேணும் செலவை மறந்துவிடும் திட்டம், திறப்பு விழாவோடு முதுமையடையத் தொடங்குகிறது.

பேணாமையின் விலையை 2023ஆம் ஆண்டு உலகம் கண்டது. அவ்வாண்டு அக்டோபர் இறுதியில் லண்டனிலுள்ள பிரிட்டிஷ் நூலகம், ரைசிடா என்னும் குழுவின் பணயத் தாக்குதலுக்கு உள்ளானது. ஏறத்தாழ 600 ஜிகாபைட் தரவு களவாடப்பட்டது. முதன்மை நூற்பட்டியல் 2024 ஜனவரி நடுவில்தான், அதுவும் பார்வைக்கு மட்டுமாக, இணையத்துக்கு மீண்டது. மார்ச் 2024இல் அந்நூலகமே வெளியிட்ட அறிக்கை, மீட்புப்பணி தாமதமானதற்குப் பழைமையான கட்டமைப்பை ஒரு காரணமாகச் சுட்டியது. எண்ணிம நூல்களின் காப்புநகல்கள் பத்திரமாக இருந்தன. அவற்றை மீண்டும் ஏற்றி இயக்குவதற்கு உகந்த கணினிக் கட்டமைப்பே இல்லாதிருந்தது. காப்புநகல் எடுத்தலும், அதிலிருந்து மீள முடிதலும் வேறு வேறு என்பதற்கு இதனினும் தெளிவான சான்று தேவையில்லை.

தரவு மென்பொருளை விஞ்சி வாழும் என்பதற்குத் தமிழிலேயே நல்ல சான்று உண்டு. 1998இல் தொடங்கிய மதுரைத் திட்டம் தமிழ் இலக்கியங்களைத் தன்னார்வலர்களின் உழைப்பால் மின்பதிப்பாக்கியது. திஸ்கியில் வெளியிட்டவற்றைப் பின்னர் ஒருங்குறிக்கு மாற்றியது. குறியீடு வெளிப்படையாக இருந்ததாலும், கோப்புகள் எந்தத் தனிமென்பொருளுக்குள்ளும் சிறைப்படாததாலும் அம்மாற்றம் இயன்றது. 2005 முதல் இலங்கைத் தமிழ் ஆவணங்களை எண்ணிமப்படுத்தி வரும் நூலகம் நிறுவனம், தன் இணைய நூலகத்துக்கு மீடியாவிக்கியைத் தேர்ந்தது. நூலக மென்பொருள் ஒப்பீடுகளில் இடம்பெறாத கருவி அது. இரவல் வழங்கலோ பார்கோடோ அதற்கு இயல்பில் இல்லை. ஆயினும் பல இடங்களில் வாழும் தன்னார்வலர்கள் தமிழிலேயே பதிவிடவும் திருத்தவும் அது இடம் தந்தது. தன் பணி எது, தன்னிடம் உள்ள ஆள்வலு எது என அறிந்து தேர்ந்ததன் பயன் இது.

இவற்றிலிருந்து ஒப்பந்தங்களுக்கு ஒரு பாடம் கிடைக்கிறது. நூற்பட்டியல் தரவு நூலகத்தின் உடைமை என்பதும், கோரும் நாளில் முழுத்தரவையும் தமிழ் எழுத்துச் சிதையாமல் பொதுவடிவில் தனிக்கட்டணமின்றி ஒப்படைக்க வேண்டும் என்பதும் ஒப்பந்தத்தில் எழுதப்பட வேண்டும். வெளியேறும் வழியை நுழையும்போதே உறுதிசெய்து கொள்வது அவநம்பிக்கை ஆகாது. அது பொதுச்சொத்தைக் காப்பவரின் கடமை.

7. எதிர்வாதங்கள்

இவ்வாதத்துக்கு மூன்று மறுப்புகள் எழலாம். முதலாவது, சிறு நூலகங்களில் இத்தகைய நுணுக்கங்களைக் கவனிக்க ஆளில்லை என்பது. இது உண்மையே, ஆனால் இதனால் பெறப்படுவது மாறான முடிவு. ஆளில்லாத நூலகம் தவறான பதிவுகளைப் பின்னர்த் திருத்த இயலாது. ஆகவே தொடக்கத்திலேயே சரியாகத் தேர வேண்டிய கட்டாயம் அதற்கே மிகுதி. பெயர்க் கோப்பு போன்றவற்றை ஒவ்வொரு நூலகமும் தனித்தனியே செய்யாமல், மாநில அளவில் ஒருமுறை செய்து எல்லோருக்கும் வழங்குவதே முறை.

இரண்டாவது, பன்னாட்டு ஆய்வாளருக்கு உரோமன் வடிவம் தேவை என்பது. அதை இக்கட்டுரை மறுக்கவில்லை. உரோமன் வடிவைத் தமிழிலிருந்து விதிப்படி கணினியே பெரும்பாலும் ஆக்கித் தரலாம். நுண்குறிகள் இன்றி எழுதப்பட்ட உரோமன் வடிவிலிருந்து தமிழை மீட்பது அரிது. லகர, ளகர, ழகரங்களை ஒரே எழுத்தால் எழுதிய பதிவில் 'வலி', 'வளி', 'வழி' ஆகியவற்றுள் எது மூலம் என்பதை நூலைத் திறந்துதான் அறிய வேண்டும். எனவே தமிழ் எழுத்தை மூலமாகவும் உரோமன் வடிவைத் துணையாகவும் கொள்வதே இழப்பற்ற வழி.

மூன்றாவது, செயற்கை நுண்ணறிவுத் தேடல் வந்துவிட்டால் இவையெல்லாம் தாமே தீரும் என்பது. எழுத்துப்பிழையையும் ஒற்று மிகுதலையும் அத்தகைய தேடல் ஓரளவு சரிசெய்யலாம். ஆனால் ஒரு பதிவிலுள்ள 'விருத்தாசலம்' எழுத்தாளரா, கடலூர் மாவட்டத்து ஊரா என்பதை அறிய எங்கோ ஒருவர் எழுதிவைத்த சான்று வேண்டும். அச்சான்றைத் தருவது செம்மையான பட்டியலே. வருங்காலக் கருவி எதுவாயினும், அது இன்றைய பதிவுகளின் தரத்தையே உண்டு வளரும்.

8. தேர்வுக்கு முன் நடத்தத்தக்க சோதனைகள்

மேற்கண்டவற்றை நடைமுறையாக்க நீண்ட ஆவணம் தேவையில்லை. நூலகம் தன் அடுக்கிலிருந்தே ஏறத்தாழ ஐம்பது தமிழ் நூல்களைத் தெரிந்தெடுத்து, அவற்றின் பதிவுகளைத் தேர்வுக்குரிய ஒவ்வொரு மென்பொருளிலும் ஏற்றிப் பின்வருவனவற்றைக் காணலாம்.

1. ஒகர, ஓகார உயிர்மெய்களை இருவகைக் குறியெண்களாலும் எழுதித் தேடினால் ஒரே விடை வருகிறதா?
2. மணி, மதி, மலர், மழை, மறை, மனம் எனத் தொடங்கும் தலைப்புகள் இவ்வரிசையிலேயே அடுக்கப்படுகின்றனவா?
3. 'ஔவையார்' என்பதன் மூன்று வடிவங்களையும் ஒரே ஆசிரியரோடு இணைக்க முடிகிறதா?
4. விருத்தாசலம் எனத் தேடுபவர் புதுமைப்பித்தனிடம் கொண்டு சேர்க்கப்படுகிறாரா?
5. ஒற்று மிகுந்த தலைப்பை ஒற்றின்றித் தேடினால் கிட்டுகிறதா? கிட்டாவிடில், மாற்றுத் தலைப்பைச் சேர்த்த பின்னாவது கிட்டுகிறதா?
6. ஐம்பது பதிவுகளையும் வெளியே எடுத்து, வேறொரு மென்பொருளில் ஏற்றினால் தமிழ் எழுத்தும் புல இணைப்புகளும் சிதையாமல் வருகின்றனவா?

இச்சோதனைகளுக்கு நிரலாளர் தேவையில்லை; தமிழறிந்த நூலகர் ஒருவர் போதும். விடைகள் மென்பொருளுக்கு மென்பொருள் மாறுபடும் என்பதே இவற்றின் பயன். 'உண்டு', 'இல்லை' என்னும் இரு சொற்களுக்கு மாறாக, எங்கே எவ்வளவு உழைப்பு தேவைப்படும் என்னும் மதிப்பீடு நூலகரின் கையில் இருக்கும். ஆறாவது சோதனையில் தவறும் மென்பொருளை, பிற ஐந்தில் அது எவ்வளவு சிறந்து விளங்கினும், ஏற்காதிருப்பதே நன்று; பிற குறைகளைப் பின்னர்த் திருத்திக்கொள்ளலாம், தரவு சிறைப்பட்டால் திருத்துவதற்கே வழியிராது.

முடிவுரை

நூலக மென்பொருள் தேர்வு இதுகாறும் பெரிதும் கொள்முதல் செயலாகவே கருதப்பட்டு வந்துள்ளது. தமிழ் நூற்பட்டியலைப் பொறுத்தவரை அது எழுத்தியலும் அகராதியியலும் இலக்கிய வரலாறும் சந்திக்கும் இடம் என்பதை இக்கட்டுரை காட்ட முயன்றது. ஒருங்குறியை ஏற்றல் தொடக்கம் மட்டுமே. குறியெண்களை ஒருமைப்படுத்தல், நெடுங்கணக்கு வரிசையைப் பேணல், தமிழ் எழுத்தை மூலமாகக் கொள்ளல், பெயர்களை இணைத்தல், புணர்ச்சியைக் கருதல் ஆகியவை நிறைவேறும்போதே தமிழ் வாசகருக்கு அப்பட்டியல் பயன்படும்.

இதனால் தமிழாய்வுத் துறைக்கும் ஒரு பொறுப்பு உண்டாகிறது. புனைபெயர் அகராதிகளும் நூலடைவுகளும் தொகுத்த மரபு நம்முடையது. அவ்வறிவு அச்சுப் பக்கங்களில் தங்கிவிடாமல், எந்த நூலகமும் எடுத்தாளத்தக்க திறந்த தரவாக மாற வேண்டும். தமிழ்த்துறைகளும் நூலகவியல் துறைகளும் இணைந்து பொதுவான தமிழ்ப் பெயர்க் கோப்பை உருவாக்குவது அதற்கான முதற்பணியாகலாம். மென்பொருளை எந்நாட்டவரும் எழுதித் தரலாம். மறைமலையடிகளும் வேதாசலமும் ஒருவரே என்பதைத் தமிழறிந்தவரே எழுதிவைக்க வேண்டும்.